ஒரே படத்தில் நடித்த ரோஸி



கேரளத்துப் பள்ளிகளில் படிக்கும் நம் பிள்ளைகளுக்குப் பொது அறிவுப் போட்டிகளில் அடிக்கடி வரும் கேள்வி ஒன்று உண்டு. மலையாளத்தின் முதல் திரைப்படம் எது, அதை எடுத்தவர் யார், அதில் கதாநாயகியாக நடித்தவர் யார்? விகதகுமாரன், ஜே.சி. டேனியல், பி.கே. ரோஸி என்று பிள்ளைகள் மூச்சு விடாமல் சொல்லிவிடுவார்கள். மூன்றுக்கும் மதிப்பெண் கிடைக்கும். ஆனால் அந்த டேனியல் அகஸ்தீஸ்வரத்துத் தமிழர் என்பது வினாத்தாளில் வராது. அந்த ரோஸி ஒரே படத்தோடு நடிப்பை விட்டுவிட்டு, நாகர்கோவிலில் ராஜம்மாள் என்ற பெயரில் குடும்பம் நடத்தி, 1988-இல் மறைந்தார் என்பதும் வராது. நம் வீடுகளில்கூட இதைப் பற்றிப் பேச்சு எழுவதில்லை. பாலக்காடு, சித்தூர், கொழிஞ்சாம்பாறைப் பக்கமும், மூணாறு, மறையூர், வண்டிப்பெரியாறு எஸ்டேட்டுகளிலும் வாழும் தமிழ்க் குடும்பங்கள் தெரிந்துகொள்ள வேண்டிய வரலாறு இது என்பதால் இந்தக் கட்டுரையை எழுதத் துணிந்தேன்.

நான் சினிமாக்காரன் அல்லன். பொறியியலில் டிப்ளமோ முடித்து, ரயில்வேயில் தண்டவாளப் பராமரிப்புப் பிரிவில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவன். எனவே நடிப்புக் கலையைப் பற்றி விமரிசனம் செய்ய எனக்குத் தகுதியில்லை. அதற்குத் தேவையும் இல்லை. ரோஸியின் நடிப்பு நன்றாக இருந்ததா இல்லையா என்று இன்று எவராலும் சொல்ல முடியாது. படம் அழிந்துவிட்டது. படம் பார்த்த கூட்டமும் அவர் நடிப்பைப் பற்றி அபிப்பிராயம் சொல்லவில்லை, கல்லைத்தான் எடுத்தது. ஏன் எடுத்தது என்பதுதான் நாம் படிக்க வேண்டிய பாடம்.

முதலில் படம் எடுத்தவரைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன். ஜோசப் செல்லையா டேனியல், கன்னியாகுமரிக்கு அருகில் உள்ள அகஸ்தீஸ்வரத்தில் வசதியான கிறிஸ்தவ நாடார் குடும்பத்தில் பிறந்தவர். களரிப்பயிற்று, வாள் வீச்சு ஆகியவற்றில் பெரும் ஈடுபாடு கொண்டவர். இந்திய வாள் வித்தையைப் பற்றி ஆங்கிலத்தில் ஒரு புத்தகமே எழுதி 1915-இல் வெளியிட்டார். அந்த வித்தையை ஊருக்குக் காட்டச் சினிமாதான் நல்ல வழி என்று அவருக்குத் தோன்றியது. சென்னைக்குப் போய்ப் பார்த்தார், அங்கே காரியம் கைகூடவில்லை. பம்பாய்க்குப் போனார். படம் எடுக்க வந்தவன் என்று சொன்னால் ஸ்டூடியோக்காரர்கள் உள்ளே விடமாட்டார்கள் என்று, மாணவர்களுக்குச் சினிமாவைப் பற்றிப் பாடம் நடத்தப் போகும் ஆசிரியர் என்று சொல்லிக்கொண்டு நுழைந்தாராம். கெட்டிக்காரர். திரும்பி வந்து குடும்பச் சொத்தை விற்று, 1926-இல் திருவனந்தபுரம் பட்டத்தில் 'திருவாங்கூர் நேஷனல் பிக்சர்ஸ்' என்ற ஸ்டூடியோவைத் தொடங்கினார். விகதகுமாரன் படத்துக்குக் கதை, டைரக்ஷன், கேமரா, எடிட்டிங் எல்லாம் அவரே. கதாநாயகனும் அவரே. 'விகதகுமாரன்' என்றால் தொலைந்துபோன மகன் என்று பொருள்.

எல்லாவற்றையும் தாமே செய்தவரால் கதாநாயகி வேடத்தை மட்டும் தாமே போட்டுக்கொள்ள முடியவில்லை. போட்டிருந்தாலும் அந்தக் காலத்தில் யாரும் வியந்திருக்க மாட்டார்கள் என்பது வேறு விஷயம். தாதா சாகேப் பால்கே 1913-இல் எடுத்த 'ராஜா ஹரிச்சந்திரா'வில் சந்திரமதியாக நடித்தவர் சாலுங்கே என்ற ஆண்பிள்ளை, சமையல் வேலை பார்த்தவர். அதே ஆண்டில் பால்கேயின் அடுத்த படத்தில் துர்காபாய் காமத் என்ற பெண்மணியும் அவர் மகள் கமலாபாயும் நடித்த பிறகுதான் வழி சற்றே திறந்தது. அப்போதும் கௌரவமான குடும்பத்துப் பெண்கள் என்று சொல்லப்பட்டவர்கள் கேமரா முன் நிற்க வரவில்லை. ஆகவே பம்பாயிலும் கல்கத்தாவிலும் ஆங்கிலோ இந்தியப் பெண்களும் யூதப் பெண்களும் வந்தார்கள். புகழ்பெற்ற சுலோசனாவின் உண்மைப் பெயர் ரூபி மையர்ஸ். ஜெர்மனி நாட்டு மூனிச் நகரத்து ஸ்டூடியோவோடு சேர்ந்து 1925-இல் எடுத்த புத்தர் கதையில் கோபாவாக நடித்த சீதா தேவியின் உண்மைப் பெயர் ரெனீ ஸ்மித். புராணப் பெயரைச் சூட்டிக்கொண்டதும் அவர்களை மக்கள் தேவியாகவே ஏற்றுக்கொண்டார்கள். இதை வாசகர்கள் நினைவில் வைத்துக்கொள்ள வேண்டும். பின்னால் வரும் விஷயத்துக்கு இது முக்கியம்.

டேனியலும் முதலில் பம்பாயிலிருந்து லானா என்ற ஆங்கிலோ இந்திய நடிகையைத்தான் ஏற்பாடு செய்தார். அவர் கேட்ட வசதிகள் இவருக்குக் கட்டுப்படியாகவில்லை. அப்போது டேனியலின் நண்பரும், அந்தப் படத்தில் வில்லனாக நடித்தவருமான ஜான்சன் என்பவர் உள்ளூர்ப் பெண் ஒருத்தியைப் பற்றிச் சொன்னார். (இந்த ஜான்சனின் மகள்தான் பிற்காலத்தில் தமிழ், மலையாளப் படங்களில் பெயர் பெற்ற பி.எஸ். சரோஜா.)

அந்த உள்ளூர்ப் பெண்தான் ராஜம்மா. திருவனந்தபுரம் நந்தன்கோட்டில் புலையர் சமூகத்தில் 1903-ஆம் ஆண்டு பிறந்தவர். சிறு வயதிலேயே தகப்பனாரை இழந்தார். புல்லறுத்து விற்றுக் குடும்பத்துக்கு உதவினார். ஆனால் பாட்டிலும் ஆட்டத்திலும் அவருக்குப் பிறவியிலேயே நாட்டம் இருந்திருக்கிறது. காக்காரிசி நாடகம் கற்று அதில் நடித்து வந்தார். சிவனும் பார்வதியும் குறவன் குறத்தியைப் போல நாடோடிகளாகப் பூமிக்கு வருவதுதான் அந்த நாடகத்தின் கதை. ஆட்டமும் கேலியும் கிண்டலும் கலந்து, பாதி தமிழும் பாதி மலையாளமுமாக நடக்கும். தெற்குத் திருவிதாங்கூரின் கூத்து அது. பெண் வேடத்தையும் ஆண்களே போட்ட காலத்தில் ஒரு பெண் அந்த மேடையில் ஏறியதே பெரிய துணிச்சல்.

பாலக்காட்டு வாசகர்களுக்கு இந்தக் கலவை மொழி புதிதாக இருக்காது. நம் பக்கத்துப் பொறாட்டு நாடகத்தில் வரும் குறவன், குறத்தி பாட்டுகளில் எங்கே தமிழ் முடிகிறது, எங்கே மலையாளம் தொடங்குகிறது என்று பிரிக்க முடியாது. ஆலத்தூர், சித்தூர் வட்டாரங்களில் பகவதி கோயில்களில் நடக்கும் கண்யார்களியிலும் அப்படியே. மொழி ஆராய்ச்சி செய்பவர்கள் எல்லை எங்கே என்று தேடிக்கொண்டிருக்கும்போது, பாடுகிறவர்கள் இரண்டு பக்கமும் போய் வந்துகொண்டிருந்தார்கள்.

நிற்க. ரோஸி என்ற திரைப் பெயரோடு ராஜம்மா ஸ்டூடியோவுக்கு வந்தார். காலையில் வீட்டிலிருந்து சோற்றுப் பாத்திரத்தோடு வருவார், நடித்து முடித்து மாலையில் வீடு திரும்புவார். கூலி வேலைக்குப் போய் வருவது போலத்தான். பத்து நாள் வேலை, நாளொன்றுக்கு ஐந்து ரூபாய் சம்பளம். எஸ்டேட்டில் கொழுந்து பறிக்கப் போன நம் பாட்டிமார்களை நினைத்துக்கொள்ளுங்கள். அதே தூக்குப் பாத்திரம், அதே நடை. ஆனால் ஸ்டூடியோவுக்குள் போனதும் நல்ல சேலை, நகை, தலையில் பூ. படத்தில் அவருக்குச் சரோஜினி என்று பெயர். சரோஜினி செல்வச் செழிப்புள்ள ஒரு நாயர் வீட்டுப் பெண்.

படத்தின் கதையும் நமக்குச் சம்பந்தப்பட்டதுதான். திருவிதாங்கூரில் ஒரு பணக்காரர் வீட்டுச் சிறுவன் சந்திரகுமாரனை, பூதநாதன் என்ற பொல்லாதவன் கடத்தி இலங்கைக்குக் கொண்டுபோய்விடுகிறான். பையன் அங்கே தேயிலைத் தோட்டத்தில் கூலியாக வளர்கிறான். வெள்ளைக்காரத் துரைக்கு அவனைப் பிடித்துப்போய்த் தோட்டத்துச் சூப்பரிண்டெண்ட் பதவி வரை உயர்கிறான். தூரத்து உறவினனான ஜெயச்சந்திரன் இலங்கைக்கு வந்தபோது இருவரும் நண்பர்களாகித் தாய்நாடு திரும்புகிறார்கள். அங்கே சந்திரகுமாரனின் தங்கைக்கும் ஜெயச்சந்திரனுக்கும் காதல். கடைசியில் முதுகில் இருந்த ஒரு தழும்பைக் கொண்டு தொலைந்த பிள்ளை இவன்தான் என்று அடையாளம் கண்டுகொள்கிறார்கள். புராணக் கதைகளே படமாகிக்கொண்டிருந்த அந்தக் காலத்தில், தோட்டத்துக்குப் போய் உறவும் ஊரும் மறந்தவனின் கதையை முதல் படத்துக்கு டேனியல் தேர்ந்தெடுத்தது எனக்கு மிகவும் வியப்பாக இருக்கிறது. இது பேசாப் படம். வெயில் வெளிச்சத்தில், கையால் சுற்றும் கேமராவில் எடுத்தது. வாயசைவுக்கு ஒலி கிடையாது என்பதால், தமிழ் பேசும் டேனியலும் மலையாளம் பேசும் ரோஸியும் காதலர்களாக நடிப்பதில் மொழித் தடை ஏதும் இருக்கவில்லை.

படம் திருவனந்தபுரம் கேபிட்டல் தியேட்டரில் வெளியானது. நெடுங்காலமாக 1928 நவம்பர் 7 என்றே எழுதி வந்தார்கள். அக்காலத்துப் பத்திரிகைச் செய்திகளை ஆராய்ந்தவர்கள் 1930 அக்டோபர் 23 என்று சொல்கிறார்கள். போட்டித் தேர்வு எழுதும் பிள்ளைகள் இரண்டையும் தெரிந்து வைத்துக்கொள்வது நல்லது. தொடக்க விழாவுக்கு நகரத்துப் பெரிய மனிதர்கள் வந்தார்கள். பிரபல வக்கீல் மள்ளூர் கோவிந்தப் பிள்ளை விளக்கேற்றித் தொடங்கி வைத்தார். கதாநாயகிக்கு மட்டும் அழைப்பு இல்லை. அவர் வந்து உட்கார்ந்தால் நாங்கள் வரமாட்டோம் என்று பெரிய மனிதர்கள் சொல்லிவிட்டார்கள் என்று இந்த வரலாற்றை எழுதியவர்கள் குறித்திருக்கிறார்கள்.

விளக்கை அணைத்துப் படம் ஓடத் தொடங்கியது. நாயர் பெண்ணாக ரோஸி திரையில் வந்ததுமே கூச்சல் எழுந்தது. கதாநாயகன் அவர் கூந்தலில் இருந்த பூவை எடுத்து முத்தமிடும் காட்சி வந்தபோது கூட்டம் பொங்கி எழுந்தது. கல் பறந்தது, திரை கிழிந்தது. பிறகு ரோஸியைத் தேடிப் போனார்கள். அவர் குடும்பம் குடியிருந்த குடிசைக்குத் தீ வைத்தார்கள். ரோஸி ஊரை விட்டு ஓடினார். பத்து நாள் கேமரா முன் நின்றதற்குக் கிடைத்த பலன் இது. அவர் திரை வாழ்க்கை அத்தோடு முடிந்தது.

பெண் நடித்ததால் வந்த கோபம் என்று சிலர் இதைச் சுருக்கிவிடுகிறார்கள். அது முழு உண்மையாகாது. பெண் சினிமாவில் நடிப்பதே பாவம் என்று நினைத்த காலம்தான், ஒப்புக்கொள்கிறேன். ஆனால் முன்பு நான் நினைவில் வைத்துக்கொள்ளச் சொன்ன விஷயத்துக்கு வருகிறேன். ரூபி மையர்ஸ் சுலோசனாவாக வந்தபோது எவரும் திரையைக் கிழிக்கவில்லை. ரெனீ ஸ்மித் கோபாவாக வந்தபோது கைதட்டினார்கள். திருவனந்தபுரத்துக் கூட்டமும் லானா வந்து சரோஜினியாக நடித்திருந்தால் முணுமுணுத்துவிட்டு வீட்டுக்குப் போயிருக்கும். நேற்று வரை புல்லுக்கட்டுச் சுமந்து தெருவில் ஒதுங்கி நின்ற ஒரு புலையப் பெண், தங்கள் வீட்டுப் பெண்ணின் சேலையைக் கட்டி, தங்கள் வீட்டுப் பெண்ணைப் போலவே திரையில் நடந்தாள் என்பதுதான் அவர்களுக்குப் பொறுக்கவில்லை. அதிலும், பார்ப்பதற்கு வித்தியாசம் தெரியவில்லை என்பதுதான் அதிகம் சுட்டிருக்கும் என்று எனக்குத் தோன்றுகிறது.

நம் கண்யார்களியையே எடுத்துக்கொள்ளுங்கள். அதில் புறாட்டு என்ற பகுதியில் நாயர் வீட்டு ஆண்கள் மலையர், குறவர் முதலிய பல சமூகத்தாரைப் போல வேடமிட்டு ஆடுவார்கள். ஊரே சிரித்து ரசிக்கும். நானும் ரசித்திருக்கிறேன், நல்ல ஆட்டம், குறை சொல்லவில்லை. மேலே இருப்பவர் கீழே இறங்கி வேடம் போட்டால் அது கலை. கீழே இருத்தப்பட்டவர் மேலே ஏறி வேடம் போட்டால் அது கலகம். வேடத்துக்கும் அந்தக் காலத்தில் ஒருவழிப் பாதைதான் இருந்தது.

அந்தக் காலத்துத் திருவிதாங்கூர் எப்படி இருந்தது என்பதையும் இளைய வாசகர்கள் அறிய வேண்டும். தெற்குத் திருவிதாங்கூரில் நாடார் பெண்கள் மார்பை மறைத்து உடுத்த உரிமை கேட்டுப் பல்லாண்டு போராடி, 1859-இல்தான் அரசு உத்தரவு பெற்றார்கள். புலையர் சமூகத்துத் தலைவர் அய்யங்காளி 1893-இல் வில்வண்டியில் ஏறிப் பொதுச் சாலையில் போனதே ஒரு போராட்டமாகத்தான் நடந்தது. வைக்கம் கோயிலைச் சுற்றியுள்ள தெருக்களில் நடக்கும் உரிமைக்காக 1924-இலும் 1925-இலும் சத்தியாக்கிரகம் நடந்தது, அதில் நம் பெரியார் சிறை சென்றதை நாம் அறிவோம். பாலக்காட்டுக்காரர்கள் இதைத் தெற்கத்திச் சங்கதி என்று தள்ளிவிட முடியாது. அதே 1924-இல் நம் கல்பாத்தி அக்கிரகாரத் தெருவில் ஈழவர்கள் நடக்கலாமா என்ற தகராறு பெரிதாக வெடித்தது. கோயில் நுழைவு உத்தரவு திருவிதாங்கூரில் வந்ததோ 1936 நவம்பர் 12-ஆம் நாள். ரோஸியின் படம் அதற்கு முந்தியது. கோயிலுக்குள் போக முடியாத ஒரு பெண், கூட்டம் பணம் கொடுத்து உட்கார்ந்திருந்த கொட்டகையின் வெள்ளைத் திரைக்குள் நுழைந்துவிட்டாள்.

இனி அவர் தப்பிய வழி. அந்தப் பக்கம் போன ஒரு லாரியில் ஏறி அவர் தமிழ்நாட்டுக்குத் தப்பினார் என்று எல்லோரும் எழுதுகிறார்கள். ரயில்வேக்காரன் என்ற முறையில் இங்கே இரண்டு விவரங்களைச் சேர்க்க விரும்புகிறேன். முதலாவது, ஏன் லாரி? கொல்லத்திலிருந்து ரயில் பாதை திருவனந்தபுரத்துக்கு 1918-இல் வந்தது. நகரத்தின் நடுவே தம்பானூர் நிலையம் 1931-இல்தான் திறக்கப்பட்டது. தெற்கே நாகர்கோவிலுக்கோ ரயிலே கிடையாது. ரயிலில் போக வேண்டுமென்றால் வடக்கே கொல்லம் போய், 1904-இல் போட்ட மலைப்பாதையில் செங்கோட்டை வழியாகத் திருநெல்வேலி போய், அங்கிருந்து மீண்டும் தெற்கே சாலை வழியாக வர வேண்டும். உயிருக்குப் பயந்து ஓடுகிறவருக்கு அது வழியல்ல. திருவனந்தபுரம்–நாகர்கோவில் பாதை 1979-இல்தான் திறந்தது. சுமார் 70 கிலோமீட்டர் தூரம்தான். அந்த ரயில் வந்தபோது ராஜம்மாள் நாகர்கோவிலில் எழுபது வயதைத் தாண்டிய மூதாட்டி.

இரண்டாவது, அவர் ஓடிய நாளில் நாகர்கோவில் தமிழ்நாட்டில் இல்லை. அதுவும் திருவிதாங்கூர் அரசின் கீழ்தான் இருந்தது. அகஸ்தீஸ்வரம், தோவாளை, கல்குளம், விளவங்கோடு தாலுகாக்கள் 1956 நவம்பர் 1-ஆம் நாள்தான் சென்னை ராஜ்யத்தோடு சேர்ந்தன. அதே நாளில்தான் சென்னை ராஜ்யத்தில் இருந்த பாலக்காடு கேரளத்துக்கு வந்தது, தேவிகுளமும் பீர்மேடும் கேரளத்திலேயே நின்றன. ஆகவே ரோஸி எல்லை எதையும் தாண்டவில்லை, ஒரே அரசின் கீழ் இடம் மாறினார். எல்லைதான் பிறகு வந்து அவரைத் தாண்டிப் போனது. அது நம் பலர் குடும்பங்களில் நடந்த கதையும் அல்லவா?

லாரி ஓட்டி வந்த கேசவப் பிள்ளை என்பவரையே ரோஸி மணந்துகொண்டார். அவர் நாயர் சமூகத்தைச் சேர்ந்தவர். ரோஸி என்ற பெயர் போய், ராஜம்மா ராஜம்மாளானார். பிள்ளைகள் பிறந்தார்கள். அக்கம்பக்கத்தாருக்கு அவர் ஒரு டிரைவர் வீட்டம்மா. திரையில் எந்தச் சமூகத்துப் பெண்ணாக வேடம் போட்டதற்காக அடித்து விரட்டினார்களோ, அந்தச் சமூகத்து மருமகளாகவே மீதி வாழ்நாள் முழுதும் வாழ்ந்தார். இந்த வேடத்தை எவரும் கண்டுபிடிக்கவில்லை, கல்லும் எறியவில்லை. ஆனால் அதற்கு அவர் கொடுத்த விலை, மறுபடி ஒருநாளும் மேடையேறாமல், தாம் நடிகையாக இருந்ததைப் பற்றி வாயே திறக்காமல் இருந்தது.

மலையாளத்தார் விரட்டினார்கள், தமிழர்களாகிய நாம் அடைக்கலம் கொடுத்தோம் என்று நம் கூட்டங்களில் சிலர் மார்தட்டிப் பேசுவதைக் கேட்டிருக்கிறேன். அதில் எனக்குச் சம்மதமில்லை. அவர் யார் என்று சொல்லாததால்தான் நாகர்கோவில் அவரை விட்டுவைத்தது. சொல்லியிருந்தால் என்ன நடந்திருக்கும் என்று நம் ஊர்ச் சேரிகளையும் தெருக்களையும் அறிந்தவர்கள் மனச்சாட்சியோடு யோசித்துப் பார்க்க வேண்டும். எங்கள் கேங்கில் தெற்கத்தி மாவட்டத்திலிருந்து வந்த ஒரு கீமேன் இருந்தார். தண்டவாளத்தைத் தட்டிப் பார்த்தே பழுதைச் சொல்லும் திறமைசாலி. அவருக்கு ஊரிலிருந்து கடிதம் வந்தால் குவார்ட்டர்ஸ் விலாசத்துக்கு வராது, என் ஆபீஸ் விலாசத்துக்கு வரும். கவரில் இருக்கும் தெருப் பெயரைப் பார்த்தால் சக தொழிலாளிகளுக்கு அவர் எந்தச் சாதி என்று தெரிந்துவிடும் என்று பயம். அந்தக் கேங்கில் பாதிக்கு மேல் தமிழர்கள்தான். மலையாள தேசத்துக்கு வந்து, தமிழர்களுக்குப் பயந்து அவர் விலாசத்தை மறைத்து வைத்திருந்தார். பிழைப்புத் தேடி வெளியூர் வருவதாகச் சொல்கிறோம். சிலர் பிழைப்போடு ஒரு பெயரையும் தேடித்தான் வருகிறார்கள்.

டேனியலின் கதையைச் சுருக்கமாகச் சொல்லி விடுகிறேன். கடனில் மூழ்கிய அவர் கருவிகளை விற்று, ஸ்டூடியோவை மூடினார். பல் வைத்தியம் படித்துப் பாளையங்கோட்டை முதலிய ஊர்களில் தொழில் நடத்தினார். நடிகர் பி.யு. சின்னப்பாவின் பழக்கத்தால் மீண்டும் சினிமா ஆசை பிடித்துச் சென்னைக்குப் போய்ச் சேமிப்பையும் இழந்தார். முதுமையில் வறுமை. கலைஞர்களுக்கான உதவித்தொகை கேட்டு அவருக்காகக் கேரள அரசிடம் முயன்றவர் பத்திரிகையாளர் சேலங்காட்டு கோபாலகிருஷ்ணன். டேனியல் வசிப்பது தமிழ்நாட்டில், எனவே அந்த அரசிடம் கேளுங்கள் என்ற பதில்தான் வந்தது. அவர் படம் எடுத்தபோது அகஸ்தீஸ்வரமும் திருவனந்தபுரமும் ஒரே அரசின் கீழ் இருந்தன என்பதை எண்ணிப் பார்க்க அதிகாரிகளுக்கு மனமில்லை. தமிழ்த் திரையுலகத்துக்கோ அவர் மலையாளப் படம் எடுத்தவர். டேனியல் 1975-இல் காலமானார். அவர் பெயரில் கேரள அரசு 1992-இல் தொடங்கிய விருதுதான் இன்று மலையாளத் திரையுலகத்தின் மிக உயர்ந்த வாழ்நாள் விருது.

படச்சுருள் என்னவாயிற்று? டேனியலின் இளைய மகன் ஆறு வயதுச் சிறுவனாக இருந்தபோது, வீட்டில் கிடந்த சுருளைக் கொளுத்தி விளையாடிவிட்டார். பெரியவரானபின் அவரே இதைச் சொல்லியிருக்கிறார். குழந்தையைக் கோபிக்க முடியாது. அந்தக் காலத்து ஃபிலிம், செல்லுலோஸ் நைட்ரேட் என்ற பொருளால் ஆனது. வெடிமருந்துக்கு உறவு. ஒருமுறை பற்றிக்கொண்டால் எரிவதற்கு வேண்டிய பிராணவாயுவைத் தானே கொடுத்துக்கொள்ளும், தண்ணீரில் போட்டாலும் அணையாது. ரயில்வேயில் வெடிபொருள், பெட்ரோல் போன்ற அபாயச் சரக்குகளுக்கென்று சிவப்பு டாரிஃப் என்ற விதிப் புத்தகம் உண்டு. சினிமா ஃபிலிமும் அதில் அடங்கும். தகரப் பெட்டியில் அடைத்துத்தான் பார்சலில் ஏற்ற வேண்டும். சிறுவன் கையில் அது மத்தாப்பாகப் பளீரென்று எரிந்திருக்கும்.

ரோஸிக்குப் பிறகு மலையாளத்தின் முதல் பேசும் படம் 'பாலன்' 1938-இல் வந்தது. அதை எடுத்ததும் சேலம் மாடர்ன் தியேட்டர்ஸ் டி.ஆர். சுந்தரம்தான். கதாநாயகி எம்.கே. கமலம். தமிழில் 1931-இல் 'காளிதாஸ்' படத்தில் நடித்த டி.பி. ராஜலட்சுமி, 1936-இல் தாமே 'மிஸ் கமலா' படத்தை டைரக்ட் செய்தார். ரோஸி ஓடிய சில வருஷங்களுக்குள் நடந்தவை இவை. அதே தென்னாட்டில், ராஜலட்சுமி படம் எடுத்துக்கொண்டிருந்தபோது நாகர்கோவிலில் ராஜம்மாள் குழந்தை வளர்த்துக்கொண்டிருந்தார்.

அவரை மறதியிலிருந்து முதலில் மீட்டவர் குன்னுகுழி எஸ். மணி என்ற பத்திரிகையாளர். 1970-களிலிருந்தே ரோஸியைப் பற்றி எழுதி வந்தார். வினு ஆப்ரகாம் 2008-இல் 'நஷ்ட நாயிகா' என்ற நாவல் எழுதினார். கமல் டைரக்ஷனில் 2013-இல் வந்த 'செல்லுலாய்டு' படத்தில் பிருத்விராஜ் டேனியலாகவும் சாந்தினி ரோஸியாகவும் நடித்தார்கள். அதை நம் வீடுகளில் பலரும் பார்த்திருப்பீர்கள். மலையாளத் திரைப்படப் பெண்கள் கூட்டமைப்பு 2019-இல் ரோஸியின் பெயரில் ஒரு திரைப்படச் சங்கம் தொடங்கியது. சென்னையில் பா. ரஞ்சித்தின் நீலம் பண்பாட்டு மையம் அவர் பெயரில் திரைப்பட விழா நடத்தியிருக்கிறது. அவருடைய 120-ஆவது பிறந்த நாளான 2023 பிப்ரவரி 10 அன்று கூகிள் தன் முகப்பில் அவர் படத்தை வரைந்து வைத்தது. பிறந்த தேதியைப் பிள்ளைகள் அதிலிருந்தே குறித்துக்கொள்ளலாம்.

மலையாளத்தின் இரண்டாவது பேசாப் படம் 'மார்த்தாண்ட வர்மா'. டேனியலின் உறவினரான நாகர்கோவில் சுந்தர்ராஜ் 1933-இல் எடுத்தது. நாவலைப் பதிப்பித்த கமலாலயா புத்தகக் கம்பெனி உரிமை தன்னுடையது என்று வழக்குப் போட்டு, ஓடிக்கொண்டிருந்த படத்தை நிறுத்தியது. படமும் கம்பெனியின் கைக்குப் போனது. அங்கே கிடங்கில் கிடந்ததால் மட்டுமே அந்தப் படச்சுருள் தப்பி, 1974-இல் பூனா திரைப்படக் காப்பகத்துக்கு வந்து சேர்ந்தது. அந்த வழக்கின் விவரத்தை அடுத்த இதழில் எழுதுகிறேன்.